கையில் தீர்ப்பு இருக்கிறது, பணிமூப்பு மாறவில்லை: இனி என்ன செய்யலாம்?

தென்மாவட்ட அரசு மேல்நிலைப் பள்ளி ஒன்றில் வேதியியல் முதுகலை ஆசிரியையாகப் பணியாற்றும் வாசகி ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். ஆளை அடையாளம் காட்டக்கூடிய ஊர், ஆண்டு, கோப்பு எண் எல்லாவற்றையும் எடுத்துவிட்டுச் சாரத்தை மட்டும் தருகிறேன்.

ஆசிரியர் தேர்வு வாரியத்தின் போட்டித் தேர்வில் நல்ல மதிப்பெண்ணோடு தேர்ச்சி பெற்றவர் இவர். முதுகலைப் பட்டத்தின் இணைத்தன்மை (பதவிக்குக் கேட்ட பட்டத்துக்கு அது சமமா என்பது) பற்றிக் கேள்வி எழுந்ததால் இவருடைய முடிவை மட்டும் வாரியம் நிறுத்திவைத்தது. ஏழு மாதம் கழித்துப் பட்டம் செல்லும் என்று உறுதியாகி, அதே தேர்வுப் பட்டியலிலிருந்து நியமன ஆணை வந்தது. அதற்குள் இவரைவிடக் குறைந்த மதிப்பெண் எடுத்த 14 பேர் பணியில் சேர்ந்துவிட்டார்கள். பின்னர் வந்த மாநில முன்னுரிமைப் பட்டியலில், அதாவது பணிமூப்புப் பட்டியலில், அந்த 14 பேருக்கும் கீழே இவர் பெயர். பட்டியல் வந்த எட்டாவது மாதமே முறையான வழியில் ஆட்சேபணை கொடுத்தார். பதில் இல்லை. ஆண்டுக்கொரு நினைவூட்டு மடல் அனுப்பியும் பதில் இல்லை. ஐந்தாண்டுக்குப் பிறகு சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டார். 'மனுதாரரின் கோரிக்கையை விதிகளின்படி, தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து 12 வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்' என்று ஆணை கிடைத்தது. 12 வாரம் போனது. வழக்கறிஞர் நோட்டீஸ் அனுப்பியபின், ஏழாவது மாதத்தில் இணை இயக்குநரின் செயல்முறைகள் (எழுத்துமூல உத்தரவு) வந்தன: 'பணியில் சேர்ந்த நாளின் அடிப்படையில் பணிமூப்பு நிர்ணயிக்கப்பட்டுள்ளதால் கோரிக்கை ஏற்கத்தக்கதல்ல.' இப்போது மேல்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் பதவி உயர்வுக்கான உத்தேசப் பட்டியலில் அந்த 14 பேரில் மூவர் இருக்கிறார்கள். இவர் இல்லை.

அதிகாரிகள்மீது நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்டு அவர்களைச் சிறைக்கு அனுப்ப முடியுமா, தனக்குச் சாதகமான அரசாணை இருந்தும் நீதிமன்றம் ஏன் நேரடியாக அமல்படுத்தவில்லை, நண்பர்களான அந்த 14 பேரையும் வழக்கில் இழுக்கத்தான் வேண்டுமா, துறை பழிவாங்கினால் என்ன செய்வது என்று கேட்டிருக்கிறார்.

அன்புள்ள ஆசிரியைக்கு,

உங்கள் கோபம் நியாயமானது. செய்யாத தவறுக்கு ஏழு மாதம் காக்கவைக்கப்பட்டு, அந்த ஏழு மாதமே உங்களுக்கு எதிரான ஆதாரமாக மாறிவிட்ட நிலை உங்களுடையது. பணியியல் வழக்குகளில் இதைவிட வலிக்கிற விஷயம் குறைவு. ஆனால் அந்தக் கோபத்தை அவமதிப்பு மனுவில் செலவழித்தால் உங்கள் உண்மையான வழக்கு கைநழுவிப் போகும் என்பதே என் பயம். அதனால் அந்தக் கேள்வியையே முதலில் எடுத்துக்கொள்கிறேன்.

அவமதிப்பு மனு போடலாமா?

நீங்கள் வாங்கிய ஆணையை இன்னொரு முறை நிதானமாகப் படியுங்கள். 'பணிமூப்பை மாற்றி அமை' என்று அதில் இல்லை. பரிசீலித்து உத்தரவு போடு என்றுதான் இருக்கிறது. தாமதமாக ஆனாலும், தப்பும் தவறுமாக ஆனாலும், இணை இயக்குநர் ஓர் உத்தரவைப் போட்டுவிட்டார். அந்த நிமிடமே பழைய ஆணை தன் வேலையை முடித்துக்கொண்டது.

இதற்கு அப்படியே பொருந்துகிற உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஒன்று உண்டு. 1996-ல் வந்த ஜே.எஸ். பரிஹார் வழக்கு. ராஜஸ்தானில் எழுந்த அதுவும் பணிமூப்புப் பட்டியல் தகராறுதான். நீதிமன்ற ஆணைப்படி புதுப் பட்டியல் போட்டார்கள், அதுவும் தவறு என்று பாதிக்கப்பட்டவர்கள் அவமதிப்பு வழக்குக்குப் போனார்கள். ஆணையின் பேரில் ஒரு முடிவு எடுக்கப்பட்டுவிட்டால், அந்த முடிவு சரியா தவறா என்பது புதிய வழக்குக் காரணம், அதை அவமதிப்பு நீதிமன்றத்தில் தீர்க்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மூல ஆணையில் இல்லாத எதையும் அவமதிப்பு நீதிமன்றம் புதிதாகச் சேர்த்துக் கொடுக்க முடியாது என்பதை 2014-ல் சுதீர் வாசுதேவா வழக்கிலும் உறுதிப்படுத்தினார்கள். அது சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கு.

12 வாரம் என்ற கெடுவை மீறினார்களே என்று கேட்பீர்கள். மீறினார்கள்தான். ஆனால் 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் வெறும் தாமதத்தைத் தண்டிப்பதில்லை. வேண்டுமென்றே கீழ்ப்படியாமல் இருந்தால்தான் அவமதிப்பு. அதிகாரி வந்து, கோப்பு மூன்று மேசை தாண்டி வரவேண்டியிருந்தது, மன்னிக்கவும் என்று பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்வார். நீதிபதி கடிந்துகொள்வார், மனுவை முடித்துவைப்பார். சட்டத்தில் உள்ள உச்சபட்ச தண்டனையே ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். பணிமூப்பு வழக்கில் அதிகாரி சிறைக்குப் போவார் என்று யாராவது உங்களுக்கு நம்பிக்கை கொடுத்திருந்தால், அந்த நம்பிக்கையைக் கைவிடுங்கள்.

இன்னொன்று. அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போடவேண்டும் என்று அந்தச் சட்டத்தின் 20-ஆம் பிரிவு சொல்கிறது. செயல்முறைகள் வராமலே இருந்திருந்தால் 'போடுங்கள், உடனே போடுங்கள்' என்று சொல்லியிருப்பேன். அதிகாரியை ஓர் உத்தரவு போடவைக்கும் அளவுக்கு அந்த மனுவுக்கு நிச்சயம் சக்தி உண்டு. உங்களுக்கு அந்தப் பயனை வழக்கறிஞர் நோட்டீஸே பெற்றுத் தந்துவிட்டது.

அரசாணை இருந்தும் ஏன் அமலாகவில்லை?

நீங்கள் இணைத்திருக்கும் நகலை விரித்துப் பார்த்தேன். 'அரசாணை' என்று குறிப்பிட்டிருக்கிறீர்கள். ஆனால் அதன் தலைப்பில் 'அரசுக் கடிதம்' என்று இருக்கிறது. செயலாளருக்காக ஒரு பிரிவு அலுவலர் கையெழுத்திட்டு, வேறொரு துறையின் ஐயத்துக்குத் தெளிவுரை தந்திருக்கிறார். உங்கள் வாதத்துக்கு அது துணை ஆவணமாகப் பயன்படும். அதையே உரிமையின் வேராகக் காட்டினால் எதிர்த்தரப்பு ஒரே வரியில் தள்ளிவிடும்.

ஆசிரியர் சங்கக் கூட்டங்களில் அரசாணை என்றாலே சட்டம் என்று பேசிக்கொள்கிறோம். எல்லா அரசாணையும் ஒரே எடை கொண்டதல்ல. அரசமைப்புச் சட்டத்தின் 309-ஆம் பிரிவின்கீழ் பணி விதிகளையே உருவாக்கும் அல்லது திருத்தும் அரசாணைக்கு விதியின் வலு உண்டு. 2023 டிசம்பர் 21 தேதியிட்ட, பள்ளிக் கல்வித் துறையின் 243-ஆம் எண் அரசாணையை நினைத்துப் பாருங்கள். தொடக்கக் கல்வி ஆசிரியர்களுக்கு ஊராட்சி ஒன்றிய அளவில் இருந்த முன்னுரிமையை மாநில அளவுக்கு மாற்ற, பணி விதிகளையே அது திருத்தியது. சங்கங்கள் அதை எதிர்த்து அத்தனை தீவிரமாகப் போராடியதற்கும் அந்த வலுவே காரணம். வெறும் நிர்வாக அறிவுரையாக வரும் அரசாணை வேறு வகை. விதி பேசாமல் விட்ட இடத்தை அது நிரப்பலாம், விதிக்கு எதிராகப் போக முடியாது. 1967-ல் சந்த் ராம் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த இந்த வரையறை இன்றும் மாறவில்லை. ஆகவே நீங்கள் பிடித்துக்கொள்ள வேண்டியது விதியை.

விதி உங்கள் பக்கம் இருக்கிறது என்பது நல்ல செய்தி. தமிழ்நாட்டின் பழைய பொது விதிகளில் 35-ஆம் விதி, தேர்வு செய்யும் அமைப்பு தயாரித்த பட்டியலில் பெற்ற தர எண்ணை (தரவரிசையில் பெற்ற இடத்தை) வைத்தே பணிமூப்பைத் தீர்மானிக்கச் சொல்கிறது. ஒரே தேர்வில் வந்தவர்களுக்குள் யார் எந்த ஊரில் எந்தத் தேதியில் கையெழுத்துப் போட்டார்கள் என்பது அளவுகோல் அல்ல. இல்லாவிட்டால் நியமன ஆணை தபாலில் தாமதமான ஒவ்வொருவரும் இளையவர் ஆகிவிடுவார்களே! 2016-ல் வந்த அரசு ஊழியர்கள் பணி நிபந்தனைகள் சட்டம் இந்தத் துறையில் ஒரு குழப்பத்தை உண்டாக்கியது. அதன் 40-ஆம் பிரிவு, இடஒதுக்கீட்டுக்கான இனச்சுழற்சி வரிசையையே பணிமூப்பாக எடுத்துக்கொள்ள வழிவிட்டது. 2019-ல் சென்னை உயர் நீதிமன்றம் அது செல்லாது என்றது. 2021-ல் உச்ச நீதிமன்றமும் அந்த முடிவை மாற்றவில்லை. இனச்சுழற்சி நியமனத்துக்கு, தரவரிசை பணிமூப்புக்கு என்பதே இதில் உறுதியானது. உங்கள் நியமன ஆண்டுக்கு எந்த விதி நேரடியாகப் பொருந்தும் என்பதை வழக்கறிஞர் பார்த்துக்கொள்ளட்டும். இரண்டு வழியிலும் தர எண்தான் மையம்.

உங்கள் கோப்பில் நான் கண்ட ஒரு கோடு

மாநில முன்னுரிமைப் பட்டியலின் பக்கத்தை நீங்கள் படமெடுத்து அனுப்பியது நல்லதாயிற்று. அதில் 'தேர்வு வாரியத் தர எண்' என்று ஒரு கலம் இருக்கிறது. உங்களுக்கு மேலே உள்ள எல்லாருக்கும் அந்தக் கலத்தில் எண் இருக்கிறது. உங்கள் பெயருக்கு நேரே மட்டும் ஒரு சிறு கோடு. பக்கத்துக் கலத்தில் பணியில் சேர்ந்த தேதி. நடந்ததை என்னால் ஊகிக்க முடிகிறது. முடிவு நிறுத்திவைக்கப்பட்டிருந்ததால் முதல் பட்டியலில் உங்களுக்குத் தர எண் ஏறவில்லை. பின்னால் முடிவு வெளியானபோது அந்தக் கலத்தை யாரும் திரும்ப நிரப்பவில்லை. தர எண் இல்லாதவரை எங்கே வைப்பது என்று தெரியாமல், சேர்ந்த தேதியை வைத்துக் கீழே தள்ளிவிட்டார்கள்.

உங்கள் கடிதத்தில் இதைப்பற்றி ஒரு வரிகூட இல்லை. 'மேலதிகாரிகள் திட்டமிட்டுச் செய்தார்கள்' என்று மூன்று இடத்தில் எழுதியிருக்கிறீர்கள். சதி என்று சொன்னால் நீங்கள்தான் நிரூபிக்கவேண்டும். அந்தக் கோட்டைக் காட்டினால் அவர்கள் பதில் சொல்லவேண்டும். வழக்கில் முன்னே நிற்க வேண்டியது அந்தக் கோடுதான். அதற்குக் காலவரம்பு சம்பந்தமான ஒரு காரணமும் இருக்கிறது.

பணிமூப்பைத் திருத்தக் கோரும் மனுவை, நியமனத்திலிருந்தோ பணிமூப்பை நிர்ணயித்த ஆணையிலிருந்தோ மூன்றாண்டுக்குள் கொடுக்கவேண்டும் என்பது 35-ஆம் விதியிலேயே இருக்கிறது. அதற்குப் பின் வந்தால் தள்ளிவிடலாம். ஒரே ஒரு விலக்கு: தகவல் பிழையால் விளைந்த உத்தரவைத் திருத்துவதற்கு அந்த மூன்றாண்டு பொருந்தாது. காலியாக விடப்பட்ட தர எண்ணைத் தகவல் பிழை என்று வாதாட உங்களுக்கு நல்ல இடம் இருக்கிறது. அதோடு எட்டாவது மாதமே நீங்கள் ஆட்சேபணை கொடுத்திருக்கிறீர்கள். ஆகவே இரண்டு அரண்கள். தலைமையாசிரியரின் முகப்புக் கடிதம், பள்ளி அனுப்புகைப் பதிவேட்டில் அந்த நாளின் பதிவு, முதன்மைக் கல்வி அலுவலகம் போட்ட தபால் முத்திரை ஆகிய மூன்றையும் இன்றே நகலெடுத்து வையுங்கள். பழைய பதிவேடுகளைக் கழித்துவிடும் வழக்கம் பள்ளிகளில் உண்டு என்பது உங்களுக்கே தெரியும்.

ஆபத்து எங்கே இருக்கிறது?

மறைக்காமல் சொல்கிறேன், ஆட்சேபணைக்கும் முதல் ரிட் மனுவுக்கும் இடையே போன ஐந்தாண்டுகள்தான் உங்கள் பலவீனம். நீதிமன்றங்கள் பணிமூப்பில் தாமதத்தைப் பெரிதாகப் பார்க்கின்றன. அதில் காரணமும் உண்டு. பட்டியல் ஒன்றை நம்பிப் பல பேர் பதவி உயர்வு, இடமாறுதல் என்று வாழ்க்கையை அமைத்துக்கொண்டபின் அதைக் கலைப்பது அவர்களுக்கு அநியாயம். தமிழ்நாட்டு அரசு ஊழியர் ஒருவரின் பதவி உயர்வு வழக்கிலேயே, சதாசிவசாமி வழக்கில், இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்தால் ஆறு மாதம், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வந்துவிடவேண்டும் என்று 1974-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. 2010-ல் சிபசங்கர் மொஹபத்ரா வழக்கில் பணிமூப்புக்கு மூன்று, நான்கு ஆண்டு என்பதை நியாயமான அளவாக எடுத்துக்கொண்டார்கள்.

நினைவூட்டு மடல்கள் காலத்தை நீட்டித்துத் தரும் என்பது ஆசிரியர்களிடம் பரவலாக இருக்கும் தவறான நம்பிக்கை. நீட்டித்துத் தராது. 'பரிசீலிக்கவும்' என்ற ஆணை வாங்கிவிட்டால் பழைய உரிமை புதிதாகிவிடும் என்பதும் அப்படித்தான். 2008-ல் சி. ஜேக்கப் வழக்கில், தமிழ்நாட்டுச் சுரங்கத் துறை ஊழியர் ஒருவரின் மனுவில், இந்த வழக்கத்தையே உச்ச நீதிமன்றம் கடுமையாக விமர்சித்தது. இதனால் யாருடைய உரிமையும் தீர்மானிக்கப்படுவதில்லை என்று நினைத்து நீதிமன்றங்கள் இப்படி ஆணையிடுகின்றன, துறை அதன் பேரில் நிராகரிக்கிறது, செத்துப்போன கோரிக்கைக்கு அதனால் உயிர் வந்துவிடாது என்பதே அதன் சாரம். முதல் வழக்கிலேயே பட்டியலை எதிர்த்திருந்தால் இந்தச் சிக்கல் பாதியாகியிருக்கும். உங்கள் வழக்கறிஞரைக் குறை சொல்லவில்லை. அன்றைக்கு அந்த வழி விரைவாகத் தெரிந்திருக்கும்.

உங்கள் சாதகமான புள்ளி இது: மேல்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் பதவிக்கு அந்த 14 பேரில் எவரும் இன்னும் போகவில்லை. உத்தேசப் பட்டியல் நிலையிலேயே இருக்கிறது. யாருடைய பதவியையும் நீங்கள் பறிக்கப் போவதில்லை. இந்த நிலை சில வாரங்களுக்கு மேல் நீடிக்காது.

இப்போது செய்ய வேண்டியவை

முதலில், உத்தேசப் பட்டியலுக்கு ஆட்சேபணை தெரிவிக்கக் கொடுத்திருக்கும் கடைசி நாளுக்குள் ஒரு பக்க மனு. சேர்க்கை, நீக்கம், திருத்தம் கேட்கும் அதே படிவத்தில், தர எண் விடுபட்டதை மட்டும் குறிப்பிட்டுக் கொடுங்கள். பள்ளி வழியாக ஒன்று, விநியோகச் சான்றுடன் பதிவு செய்த விரைவுத் தபாலில் ஒன்று. 'முதல்வரின் முகவரி'யில் போட்ட மனு இதற்கு ஈடாகாது. அது சுற்றிவந்து அதே இணை இயக்குநர் மேசைக்குத்தான் வரும்.

அதே நாளில் தேர்வு வாரியத்துக்கு, தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பத்து ரூபாய் கட்டணத்தோடு விண்ணப்பம். உங்கள் மதிப்பெண், தர எண், நிறுத்திவைத்த முடிவை வெளியிட்ட கடிதம் மூன்றையும் கேளுங்கள். 30 நாளில் பதில் வரவேண்டும். வழக்கு அதற்காகக் காத்திருக்க வேண்டாம், பின்னால் சேர்த்துக்கொள்ளலாம்.

அடுத்து புதிய ரிட் மனு. தமிழ்நாட்டில் இப்போது மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இல்லாததால் நேரே உயர் நீதிமன்றம்தான், உங்களுக்கு மதுரைக் கிளை. இந்த முறை 'பரிசீலிக்க' என்ற சொல் கோரிக்கையில் எங்கும் வரக்கூடாது. நிராகரித்த செயல்முறைகளை ரத்து செய்து, தேர்வு வாரியத் தர எண்படி உரிய இடத்தில் என்னை வைத்துப் பட்டியலைத் திருத்த உத்தரவிடவேண்டும் என்று கேளுங்கள். இணை இயக்குநரின் மூன்று வரி உத்தரவு உங்களுக்கு உதவி. ஓர் உத்தரவை அதில் சொன்ன காரணத்தை வைத்தே எடைபோட வேண்டும், பின்னால் பிரமாணப் பத்திரத்தில் புதுக் காரணம் சேர்க்கக்கூடாது என்பது மொஹிந்தர் சிங் கில் வழக்கிலிருந்து நிலைத்த சட்டம். சேர்ந்த நாள் என்ற ஒரே காரணத்தோடு அவர்கள் கட்டுப்பட்டு நிற்கிறார்கள்.

இடைக்கால உத்தரவில் கொஞ்சம் நிதானம் வேண்டுகிறேன். மொத்தப் பட்டியலுக்கும் தடை கேட்கலாம் என்று உங்கள் சங்க நிர்வாகி சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். வேண்டாம். தலைமையாசிரியர் இல்லாத பள்ளிகள் அப்படியே நிற்கும், பொதுத்தேர்வு நேரத்தில் பொறுப்பு ஆசிரியர்கள் திண்டாடுவார்கள், நீதிபதிக்கும் அது பிடிக்காது. உங்களுக்காக ஓர் இடத்தைக் காலியாக வைக்கவோ, அந்த மூவரின் பதவி உயர்வு வழக்கின் முடிவுக்கு உட்பட்டது என்று குறிப்பிடவோ கேட்டால் போதும். அது கிடைக்கவும் வாய்ப்பு அதிகம்.

அந்த 14 பேரைச் சேர்க்கத்தான் வேண்டும். அவர்களில் இருவர் உங்கள் மகளின் திருமணத்துக்கு முன்னின்று வேலை செய்தவர்கள் என்று படித்தபோது எனக்கும் சங்கடமாகத்தான் இருந்தது. ஆனாலும், பாதிக்கப்படக்கூடியவரைக் கேட்காமல் வாங்கிய தீர்ப்பு நிற்காது. 1984-ல் பிரபோத் வர்மா வழக்கில், அதுவும் உத்தரப் பிரதேச ஆசிரியர்கள் வழக்கு, இதைத்தான் சொன்னார்கள். ஆள் மிகுதியாக இருந்தால் சிலரைப் பிரதிநிதிகளாகச் சேர்க்கலாம் என்றும் அதில் வழி இருக்கிறது. 14 பேர் என்பது பெரிய எண்ணிக்கை அல்ல, எல்லாரையும் சேர்த்துவிடுங்கள். நோட்டீஸ் போவதற்கு முன் நீங்களே தொலைபேசியில் பேசிச் சொல்லிவிடுங்கள். அவர்கள்மீது குற்றச்சாட்டு ஏதும் இல்லை, பட்டியலில் இடம் மாறுவதால் பெயர் வருகிறது என்று புரியவையுங்கள். மனுவிலும் அவர்களைப் பற்றி ஒரு கடுஞ்சொல் வேண்டாம்.

வென்றாலும் என்ன கிடைக்கும் என்பதில் தெளிவாக இருங்கள். உரிய இடமும், காலியிடம் வரும்போது பதவி உயர்வும் கிடைக்கும். வழக்கு இழுத்து, மூவரும் முன்னால் போய்விட்டால், அவர்கள் உயர்வு பெற்ற நாளிலிருந்து கருத்தியலாக (ஏட்டளவில்) உயர்வு தந்து ஊதியத்தை நிர்ணயிப்பார்கள். அந்த இடைக்காலத்துக்கான நிலுவைத் தொகை வருவது அரிது. அரசு மேல்முறையீட்டுக்குப் போகும் என்பதையும் கணக்கில் வையுங்கள். ஓய்வுபெற உங்களுக்கு ஒன்பது ஆண்டு இருப்பதால் இந்தப் போராட்டத்துக்கு அர்த்தம் இருக்கிறது.

கடைசியாக, பழிவாங்கல். பணி உரிமைக்காக நீதிமன்றம் போவது ஒழுங்கீனம் ஆகாது. வழக்குப் போட்டதற்காகக் குறிப்பாணை கொடுத்தால் அதுவே உங்களுக்கு ஆதாரமாகிவிடும். உங்கள் கணவர் இடமாறுதலுக்குத்தான் அதிகம் பயப்படுவதாக எழுதியிருக்கிறீர்கள். நிர்வாக மாறுதல் வந்தால் அதற்குத் தனி மனு, தனி வழக்கு. இதோடு கலக்கவேண்டாம். ஆனால் பள்ளி நேரத்தில் வழக்கறிஞரைப் பார்க்கப் போனால் தற்செயல் விடுப்பு எழுதிக்கொடுத்துவிட்டுப் போங்கள். புலனக் குழுக்களில் வழக்கைப் பற்றி, அந்த இணை இயக்குநரைப் பற்றி ஒரு வரியும் எழுதாதீர்கள். சென்ற மாதம் நீங்கள் போட்டதாகச் சொன்ன குரல்பதிவை இன்றே நீக்கிவிடுங்கள், உத்தேசப் பட்டியலின் கடைசி நாள் எது என்பதை இன்று மாலைக்குள் பள்ளி மின்னஞ்சலில் பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள்.